மெலஞ்சும் கறுவாவும்: கற்பனைப் பொருளுக்குள் ஒளிந்திருக்கும் எமது வரலாறு

'டியூன்' திரைப்படத்தின் இரண்டு பாகங்களையும் (2021, 2024) எமது பிள்ளைகளில் பலர் கைபேசியிலேயே பார்த்து முடித்துவிட்டார்கள். பாலைவனம், மணலுக்கு அடியிலிருந்து எழும்பும் இராட்சதப் புழு, மஹ்தி, லிசான் அல்-கைப் போன்ற அரபுப் பெயர்கள் என்று அவர்களைக் கவரும் விடயங்கள் அதில் நிறைய உண்டு. ஆனால் அத்தனை சண்டைக்கும் காரணமான அந்தப் பொருளுக்கு என்ன வாசம் என்று கேட்டுப் பாருங்கள். மூல நாவலைப் படித்தவர்களுக்குத் தெரியும்: கறுவா வாசம்!

அந்தக் கற்பனைப் பொருளின் பெயர் மெலஞ். நாவலில் சுருக்கமாக 'வாசனைத் திரவியம்' என்றே அழைக்கப்படுகிறது. பிரபஞ்சம் முழுவதிலும் அராக்கிஸ் என்ற ஒரேயொரு பாலைவனக் கோளில்தான் அது விளைகிறது. அதை உட்கொண்டால் ஆயுள் நீளும், அறிவு விரியும். விண்கலங்களை வழிநடத்தும் மாலுமிகளுக்கு அது இல்லாமல் பாதை தெரியாது. எனவே மெலஞ் நின்றால் வர்த்தகமும் நிற்கும், பேரரசும் நிற்கும். அதை அள்ள மணலில் இராட்சத இயந்திரங்கள் இறங்குகின்றன. அந்த அதிர்வைக் கேட்டுப் புழு வருகிறது. புழு வந்து சேர்வதற்குள் அள்ளியது இலாபம், மிச்சம் மரணம்.

இதை எழுதிய பிராங்க் ஹேர்பர்ட் ஓர் அமெரிக்கப் பத்திரிகையாளர். 1957ஆம் ஆண்டு ஒரிகன் மாநிலத்தில் நகரும் மணல்மேடுகளைப் புல் நட்டுக் கட்டுப்படுத்தும் திட்டத்தைப் பற்றி எழுதப் போனவருக்கு, அங்கேதான் நாவலின் வித்துக் கிடைத்தது. நூல் 1965இல் வெளிவந்தது. அவர் கண்முன்னே இருந்தது பெற்றோலிய அரசியல். எண்ணெய் ஏற்றுமதி நாடுகளின் அமைப்பு 1960இல் பக்தாதில் உருவானது. நாவலில் வரும் வர்த்தகக் கூட்டு நிறுவனத்தை அந்த அமைப்புடன் ஹேர்பர்ட்டே ஒப்பிட்டிருக்கிறார். பாலைவன மக்களான பிரெமன்களின் போராட்டத்தில், ரஷ்யப் பேரரசை எதிர்த்து 1859 வரை நின்ற கொக்கேசிய மலை முஸ்லிம்களின் தலைவர் இமாம் ஷாமிலின் வரலாற்றுச் சாயலும் உண்டு.

ஹேர்பர்ட் இலங்கை வரலாற்றைப் படித்துத்தான் இதை எழுதினார் என்று நாம் சொல்ல வரவில்லை. ஆனால் கறுவா வாசம் வீசும் ஒரு பொருள், அது விளையும் ஒரு நிலம், அதற்காக மோதும் வல்லரசுகள் என்று வரும்போது, கறுவா விளைந்த மண்ணில் வாழும் நாம் கொஞ்சம் நின்று யோசிக்கத்தான் வேண்டும்.

முதலில் பூதத்தைப் பார்ப்போம். கி.மு. 5ஆம் நூற்றாண்டில் கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் ஒரு கதை எழுதிவைத்தார். பெரிய பறவைகள் கறுவாக் குச்சிகளைக் கொண்டு செங்குத்தான பாறைகளில் கூடு கட்டுமாம். அரேபியர் பெரிய இறைச்சித் துண்டுகளைக் கீழே போடுவார்களாம். பறவைகள் அவற்றைத் தூக்கிப்போய் வைக்க, பாரம் தாங்காமல் கூடு உடைந்து விழுமாம். ஐந்நூறு ஆண்டுகள் கழித்து ரோம அறிஞர் பிளினி, இதெல்லாம் விலையை ஏற்றுவதற்காகக் கட்டிய கதை என்று எழுதினார். அராக்கிஸில் புழு, ஹெரோடோட்டஸிடம் பறவை. விலை உயர்ந்த பொருளுக்குக் காவலாக ஒரு பூதம் நிற்கும் கதை மிகப் பழையது.

1344இல் இலங்கைக்கு வந்த இப்னு பதூதா எந்தப் பூதத்தையும் காணவில்லை. வெள்ளம் அடித்துக்கொண்டு வந்த கறுவா மரங்கள் புத்தளக் கரையில் குவிந்து கிடந்ததையும், தென்னிந்தியக் கரையோர வணிகர் மன்னனுக்குத் துணி முதலான அன்பளிப்புகளைக் கொடுத்துவிட்டு அவற்றை எடுத்துச் சென்றதையுமே எழுதினார். காவலும் இல்லை, ஏகபோகமும் இல்லை.

1505இல் போர்த்துக்கேயர் வந்தபோது நிலைமை மாறியது. அதுவரை கறுவாவைக் கடல் கடந்து கொண்டுபோனவர்கள் பெரும்பாலும் முஸ்லிம் வணிகர். அவர்கள் இப்போது போட்டியாளர் ஆனார்கள். 1626இல் போர்த்துக்கேயர் தமது ஆட்சிப் பகுதியிலிருந்து முஸ்லிம்களை வெளியேற்றினர். அவர்களை ஏற்று, சுமார் 4,000 பேரை மட்டக்களப்புப் பகுதியில் குடியேற்றியவர் கண்டி மன்னர் செனரத். பௌத்த மன்னர் ஒருவர் அகதிகளான முஸ்லிம்களுக்கு நிலம் கொடுத்த இந்தச் சம்பவத்தை இன்றைய நாட்டில் நாம் எத்தனை தடவை நினைவூட்டினாலும் தகும்.

அடுத்து ஒல்லாந்தர். 1656இல் கொழும்பைக் கைப்பற்றிய அவர்களின் கிழக்கிந்தியக் கம்பனி, கறுவாவை முழுமையாகத் தன் பிடிக்குள் கொண்டுவந்தது. அனுமதியின்றி மரத்தை வெட்டுவதும் பட்டையை விற்பதும் மரண தண்டனைக்குரிய குற்றம். 1760இல் அம்ஸ்டர்டாமில் விலை விழாமல் காக்கப் பெருந்தொகை வாசனைத் திரவியங்கள் பகிரங்கமாக எரிக்கப்பட்டன. 'அழிக்கக்கூடியவனே ஆளக்கூடியவன்' என்ற எண்ணம் 'டியூன்' நாவலில் முக்கியமானது. கம்பனி அதை இருநூறு ஆண்டுகளுக்கு முன்பே செய்து காட்டியிருந்தது.

பட்டையை உரித்தவர்கள் யார்? சலாகம மக்கள். காடுகளுக்குள் சென்று, பட்டையை உரித்து, காயவைத்து, குறித்த அளவைக் கட்டாய ஊழியமாக ஒப்படைக்க வேண்டியவர்கள் அவர்கள். அம்ஸ்டர்டாம் விலைக்கும் அவர்களுக்கும் எந்தத் தொடர்பும் இல்லை. 1760ஐ அண்டிக் கரையோரத்தில் வெடித்த கிளர்ச்சியில் அவர்களின் கோபமும் இருந்தது. அதன் பிறகுதான், 1769இல் ஆளுநர் பல்க் கொழும்பு மருதானையில் கறுவாவைத் தோட்டப் பயிராக நடத் தொடங்கினார். இன்று வசதி படைத்தோர் வாழும் 'கறுவாத்தோட்டம்' என்ற பெயர் அந்தக் காலத்தின் எச்சம்.

ஏகபோகம் எப்படி முடிந்தது? பிற்கால நாவல் ஒன்றில் மெலஞ்சைச் செயற்கையாகத் தயாரிக்கும் வழி கண்டுபிடிக்கப்படுகிறது. கறுவாவுக்கும் அதைப் போன்ற ஒன்றுதான் நடந்தது. சீனாவின் மலிவான கசியாப் பட்டையும், வேறு நாடுகளில் வளர்க்கப்பட்ட கறுவாவும் சந்தைக்கு வந்தன. பிரித்தானியர் 1833இல் ஏகபோகத்தையே கைவிட்டு, கோப்பியின் பக்கம் திரும்பினர்.

'டியூன்' கதையில் பிரெமன்கள் வெறும் பின்னணி அல்ல, கதையே அவர்களால்தான் திரும்புகிறது. எமது வரலாற்றுப் பாடத்திலோ போர்த்துக்கேயர், ஒல்லாந்தர், பிரித்தானியர் என்று ஆண்டுகளை ஒப்புவித்தால் புள்ளி கிடைத்துவிடுகிறது. உரித்தவரும் துரத்தப்பட்டவரும் விடைத்தாளில் வருவதில்லை.

ஆசிரிய நண்பர்களே, அடுத்த முறை அந்த அலகைப் படிப்பிக்கும்போது வகுப்புக்கு ஒரு துண்டுக் கறுவாப்பட்டை கொண்டுபோவோம். பிள்ளைகள் முகர்ந்து பார்க்கட்டும். படத்தைப் பற்றி அவர்களே கதை தொடங்குவார்கள். பிறகு இரண்டே கேள்விகள் கேட்போம்: இதை உரித்தது யார்? இதற்காக ஊரை விட்டுப் போனது யார்?