ஆய்ச்சி

அளம் என்றால் உப்பு விளையும் நிலம். புதுச்சேரி உப்பளத்தில் இன்று விளையாட்டரங்கும் வீடுகளும்தான். தொழில் போனாலும் பெயர் தங்கிவிட்டது. ஆய்ச்சியும் தொழிலால் வந்த பெயர்தான்; ஆனால் அங்கே தொழில் தங்கியது, பெயர் ஒதுங்கிவிட்டது.

ஆ என்பது பசு. பசுக்களை மேய்ப்பவர் ஆயர், அக்குலத்துப் பெண் ஆய்ச்சி. இடைச்சி, வலைச்சி போல 'ச்சி' பெண்பால் விகுதி. ஆயர், வேட்டுவர் ஆகியவற்றைத் தொல்காப்பியம் ஆண்பால் திணைப்பெயராகச் சொல்கிறது. பெரும்பாணாற்றுப்படையில் ஆய்ச்சியின் பெயர் 'ஆய்மகள்'. விடியலில் தயிர் கடைந்து, தலையில் சுமட்டின்மேல் பானை ஏற்றி, மோர் விற்கப் போகிறாள். மோருக்குக் கிடைப்பதைக் கொண்டு சுற்றத்தையே உண்ணவைக்கிறாள். நெய் விலைக்குப் பொன் தந்தால் வாங்குவதில்லை; எருமையும் நல்ல பசுவும்தான் வேண்டும். குட்டி போடும் செல்வம் எது என்று தெரிந்தவள். அந்தக் குடும்பத்தின் வரவுசெலவே அவள் கையில்தான் இருந்தது என்று நான் படிக்கிறேன்.

இவள் திருமணத்தைப் பற்றிப் பேசினால் எல்லோருக்கும் ஏறு தழுவிய இளைஞனின் வீரம்தான் நினைவுக்கு வருகிறது. கொம்புக்கு அஞ்சுபவனை ஆயமகள் ஏற்கமாட்டாள் என்பது முல்லைக்கலி காட்டும் வழக்கு. ஆனால் அந்தக் காளையை வளர்த்தது யார்? சிலப்பதிகாரத்து ஆய்ச்சியர் குரவையில் எழுவரும் ஆளுக்கொரு காளையைக் குறித்து வளர்க்கிறார்கள். ஒரு காளையை அடக்குபவனுக்கே அதை வளர்த்தவள் மனைவி. மாப்பிள்ளைக்கு வைக்கும் சோதனையை அவள் கைதான் தீனி போட்டு வளர்த்தது. மணநாளின் சடங்கிலும் மந்தை விலகவில்லை: கலித்தொகையில் மணல் பரப்பி, வீட்டுக்குச் செம்மண் பூசி, பெண்ணெருமையை முன்வைத்து மணம் நடக்கிறது.

திருப்பாவையில் ஆண்டாள் தன்னை ஆயர்பாடிப் பெண்ணாக்கிக்கொண்டாள். ஆய்ச்சியர் தயிர் கடையும் ஓசை அங்கேயும் கேட்கிறது. பிறகு அந்தச் சொல் கண்ணன் கதைக்குள் ஒதுங்கிப்போனது. ஆண்களுக்கோ பட்டங்கள் பெருகின: கோனார், பிள்ளை, யாதவர். 1736 முதல் நாட்குறிப்பு எழுதி, பின்னர் தலைமைத் துபாஷியாக (மொழிபெயர்ப்பாளராக) ஆன புதுச்சேரி ஆனந்தரங்கப் பிள்ளை இக்குலத்தவரே. மாடு கறந்து பால் ஊற்றும் பெண்ணுக்கு ஊர் தருவது 'கோனாரம்மா', கணவன் பட்டத்தோடு ஒட்டிய பெயர். ஆய்ச்சி பசுவிலிருந்து பெயர் பெற்றவள்.