பன்னிரண்டும் மூன்றரையும்

மூன்று அல்லது அதற்கு மேற்பட்ட கம்பிவடங்களில் தொங்கும் லிஃப்ட்டுக்குப் பாதுகாப்புக் காரணி குறைந்தது 12 இருக்க வேண்டும் என்கிறது ஐரோப்பாவின் ஈ.என். 81 தரநெறி. வழக்கமான சுமையைப் போலப் பன்னிரண்டு மடங்கு ஏற்றினால்தான் வடம் அறும். தென்னாப்பிரிக்கத் தங்கச் சுரங்கங்களிலோ ஒரே இழுவையில் ஏறத்தாழ 3,000 மீட்டர் இறங்கும் கூண்டுகள் உண்டு. அங்கே வடத்தின் நீளத்தோடு 4,000-ஐக் கூட்டி, வரும் எண்ணால் 25,000-ஐ வகுத்துக் காரணியைக் கணக்கிடுகிறார்கள். 3,000 மீட்டருக்கு விடை சுமார் 3.6.

ஆழம் கூடக் கூடக் காரணி குறைவதற்கு முதல் காரணம் வடத்தின் சொந்த எடை. 20 மி.மீ. தடிமனுள்ள எஃகு வடம் மீட்டருக்கு ஏறக்குறைய ஒன்றரை கிலோ. மூன்று கிலோமீட்டர் வடம் தொங்கும்போது மேல்முனை தாங்கும் பளுவில் பாதிக்கு மேல் வடமே. அங்கே 12 கேட்டால் கூண்டைக் கட்டவே இடமிருக்காது. கோலார் தங்கவயலில் தமிழர்கள் பெருமளவில் உழைத்த சாம்பியன் ரீஃப் சுரங்கம் 3 கிலோமீட்டரைத் தாண்டியது. ஆனால் ஒரே வடத்தில் அல்ல, கட்டம் கட்டமாகத்தான் இறங்கினார்கள்.

எடையைவிட எனக்கு முக்கியமாகப் படுவது வேகமாற்றம். கூண்டு விநாடிக்கு விநாடி 1 மீட்டர் வேகம் கூடி மேலேறினால், அசையாமல் தொங்கும்போது இருந்த இழுவிசை பத்தில் ஒரு பங்கு கூடும். இறங்கும் கூண்டை அதைப் போல மூன்று மடங்கு விகிதத்தில் நிறுத்தினால் முப்பது சதவீதம் கூடும். பிரேக் சட்டென்று விழுந்தால் வடம் ரப்பர் போல நீண்டு சுருங்குவதால் அந்தக் கூடுதல் ஏறத்தாழ இருமடங்காகி அறுபது சதவீதத்தைத் தொடும். காரணி 12 உள்ள லிஃப்ட்டில் இது அறுபடு வலிமையில் 8 சதவீதத்திலிருந்து 13-க்கு ஏறுவது, பொருட்டில்லை. சுரங்கத்தில் 28 சதவீதம் 45-ஐ நெருங்கிவிடும். மேலேறும் கூண்டுக்கு வேறோர் ஆபத்து. புவியீர்ப்பு முடுக்கத்தில் பாதி அளவுக்குத் திடீரென்று வேகத்தைத் தணித்தால், அதே ஊசலாட்டம் இழுவிசையைப் பூஜ்யத்துக்குக் கொண்டுவந்து வடத்தைத் தொய்ய வைக்கும். தொய்ந்த வடம் மறுபடி விறைக்கும் கணம்தான் மிகக் கொடியது.

சட்டென்று என்பது எவ்வளவு நேரம்? முப்பது மீட்டர் வடத்தில் ஓர் ஊசல் அரை விநாடிக்குள் முடியும். அங்கே ஒரு விநாடியில் படியும் பிரேக் மென்மையானது. மூன்று கிலோமீட்டர் வடம் ஒரு முறை ஊசலாடி முடிக்கச் சில விநாடிகள் ஆகும். அதே ஒரு விநாடி பிரேக் அதற்குச் சம்மட்டி அடி. எனவே குறைந்த காரணியோடு ஓடும் சுரங்கத்தில் பிரேக்கின் விசை படிப்படியாக ஏறியாக வேண்டும், வடத்தின் இழுவிசையை ஓட்டத்திலேயே அளந்தபடி இருக்க வேண்டும். அதோடு ஆறு மாதத்துக்கு ஒருமுறை கூண்டுப் பக்க முனையை வெட்டி எடுத்து, இழுத்து அறுத்துச் சோதிக்கிறார்கள்.

லிஃப்ட்டின் வடத்துக்கு அப்படிப்பட்ட கவனிப்பு கிடைப்பதில்லை. நாள்தோறும் நூற்றுக்கணக்கான முறை கப்பியில் வளைந்து நிமிர்ந்து, உள்ளே ஒவ்வொரு கம்பியாகக் களைத்து முறிகிறது. பார்வையிட ஆள் வருவது இடைவெளி விட்டுத்தான். அந்த 12-இல் பெரும்பகுதி இந்தத் தேய்மானத்துக்காக ஒதுக்கி வைத்தது.