பேல்ஃபயர்

பேல்ஃபயர் என்பது அமெரிக்க எழுத்தாளர் ராபர்ட் ஜோர்டான் (1948–2007) படைத்த ‘தி வீல் ஆஃப் டைம்’ மிகைபுனைவு நாவல் தொடரில் வரும் அழிவு மந்திரம். 1990இல் தொடங்கிய இத்தொடர் 2013இல் 14ஆம் நூலோடு முடிந்தது. ஜோர்டான் விட்டுச்சென்ற குறிப்புகளைக் கொண்டு கடைசி மூன்று நூல்களை எழுதி முடித்தவர் பிராண்டன் சாண்டர்சன்.

அந்த உலகில் காலச் சக்கரம் ஓயாமல் ஒரு துணியை நெய்துகொண்டிருக்கிறது. ஒவ்வொரு உயிரும் அதில் ஓர் இழை. மற்ற ஆயுதங்கள் இழையை அறுக்கும். பேல்ஃபயர் அதைப் பின்னோக்கி எரிக்கும். கண்கூசும் வெண்ணொளிக் கற்றையாகப் பாயும் அது பட்டவர், பட்ட கணத்துக்கும் முன்பே இறந்தவராகிவிடுவார். இடைப்பட்ட நேரத்தில் அவர் செய்தவையும் நடக்காதவையாகிவிடும். கண்டவர்களின் நினைவு மட்டும் மாறாது. எவ்வளவு ஆற்றலைச் செலுத்துகிறார்களோ, அவ்வளவு தூரம் பின்னோக்கி எரியும்.

இந்த விதியின் முழு வீச்சு 1993இல் வந்த ஐந்தாம் நூலில் தெரிகிறது. கேம்லின் நகரில், இருளோன் என்ற தீய சக்தியின் அடியான் ராவின் ஏவிய மின்னலில் நாயகனோடு வந்த மேட், அவியெண்டா, அஸ்மோடியன் மூவரும் மாண்டுபோகிறார்கள். நாயகன் ராண்ட் அல்தோர் ராவினைப் பேல்ஃபயரால் எரித்ததும், அந்த மின்னலே விழாததாகி மூவரும் உயிரோடு நிற்கிறார்கள். அப்படி மீண்ட அஸ்மோடியன் சிறிது நேரத்திலேயே வேறொருவர் கையில் கொல்லப்படுகிறான். மீட்பையும் அழிவையும் ஒரே மந்திரத்துக்குள் வைத்ததுதான் ஜோர்டானின் பெரிய சாதனை. இறந்தவரைத் திரும்பப் பெறலாம் என்ற ஆசை, அதைக் கைவிட முடியாததாக்குகிறது.

மற்றொரு பயனும் உண்டு. இருளோன் தன் அடியார்கள் இறந்தால் வேறு உடலில் எழுப்பிவிடுவான். பேல்ஃபயரில் மாண்டவரை அவனாலும் எழுப்ப முடியாது. ராண்டின் வழிகாட்டி மொரைன் எரித்த அடியான் பெலால் திரும்பி வரவேயில்லை.

ஆனால் ஓர் இழை பின்னோக்கி எரியும்போது, அதோடு பின்னிய மற்ற இழைகளும் நெகிழ்கின்றன. பழங்காலத்து ஆற்றல் போரில் இரு தரப்பும் பேல்ஃபயரைப் பயன்படுத்தி, நகரங்களையே எரித்தன. படைப்பே கிழிந்துவிடும் என்ற அச்சம் வந்தபின், ஒப்பந்தம் எதுவும் எழுதாமலே இரு தரப்பாரும் நிறுத்திக்கொண்டனர். உலகை அழிக்க வந்தவர்களே அஞ்சி ஒதுக்கிய ஆயுதம் இது. பின்னாளில் ஏஸ் செடாய் எனும் மந்திரப் பெண்டிர் இதைக் கற்பதற்கே தடை விதித்தனர். 1994இல் வெளியான ஆறாம் நூலின் தொடக்கத்திலோ, தன் பணிக்காகப் பேல்ஃபயரை ஏவுவாயா என்று இருளோனே தன் அடியான் டெமாண்ட்ரெடைக் கேட்கிறான். பழைய கட்டுப்பாடு அங்கே தளர்கிறது.

பேல்ஃபயரை ஏவும் ராண்டின் மனச் சரிவு 12ஆம் நூலில் (2009) உச்சம் தொடுகிறது. இருளோனின் அடியார்களுள் க்ரேண்டால் என்ற ஒருத்தியைக் கொல்ல, நாட்ரின்ஸ் பேரோ கோட்டை முழுவதையும் உள்ளிருந்த அப்பாவிகளோடு எரித்துவிடுகிறான். அவள் தப்பிவிட்டாள் என்பது அடுத்த நூலில்தான் தெரியவருகிறது. தொடரிலேயே மனத்தை மிகவும் உலுக்கும் இடம் இதுதான். நாயகனின் கைக்கு வந்தாலும் அந்த ஆயுதம் புனிதமாகிவிடுவதில்லை என்று கதை இங்கே உறுதியாகச் சொல்கிறது.

பேல்ஃபயருக்கு மாற்று கடைசி நூலான ‘எ மெமரி ஆஃப் லைட்’டில் வருகிறது. இறுதிப்போரில் இருளோன் தரப்பில் நிற்கும் மஸ்ரிம் தைம் பேல்ஃபயரைத் திரும்பத் திரும்ப ஏவ, நிலமெங்கும் கரிய வெடிப்புகள் ஓடுகின்றன. ஏஸ் செடாய்களின் தலைவி எக்வீன் அதற்கு நேர் எதிரான மந்திரத்தை நெய்து வெடிப்புகளை மூடுகிறாள். தைம் படிகமாக உறைந்துபோகிறான். தாங்க முடியாத அளவு ஆற்றலை ஈர்த்த எக்வீனும் அதே இடத்தில் உயிர்விடுகிறாள்.