எலியும் சுவரும்: புதிர்வழியியலுக்கு ஒரு முன்னுரை

புதிர்வழியியல் என்றொரு துறை எந்தப் பல்கலைக்கழகத்திலும் இல்லை. பெயர் நான் வைத்ததுதான். புதிர்வழிக்குள் ஓடுகிறவனைப் பற்றிய படிப்பல்ல இது, வழியைப் பற்றியது. அதன் கோணல்கள், கட்டியவருக்கே தெரியாமல் அது செய்கிற சேட்டைகள் பற்றியது. இதெல்லாம் ஒரு துறையா என்று கேட்பவர்கள் உளவியலின் வரலாற்றைக் கொஞ்சம் புரட்டிப் பார்க்கலாம். நூறு வருஷத்துக்கும் மேலாக அங்கே எலியைப் பற்றி ஏராளமாகப் பேசியாகிவிட்டது. எலி ஓடிய பெட்டியைப் பற்றிப் பேசியது குறைவு.

கோணல் தொன்மத்திலேயே தொடங்கிவிடுகிறது. க்நோஸோஸ் நகரத்தின் பழைய நாணயங்கள் பலவற்றில் பொறித்திருக்கும் புதிர்வழிக்குக் கிளையே கிடையாது, முட்டுச்சந்தும் கிடையாது. நடந்துகொண்டே இருந்தால் மையம். திரும்பி நடந்தால் வாசல். அப்படின்னா தீசியஸுக்கு நூலுருண்டை எதற்கு? கதையாடலில் உள்ள வழியும் படத்தில் உள்ள வழியும் வேறுவேறு. இரண்டையும் ஒரே பெயரால் சொல்லிப் பழகிவிட்டோம்.

தொலைந்துபோகவென்றே கட்டுவது பிற்பாடு வந்த ஐரோப்பியப் பிரபுக்களின் பொழுதுபோக்கு. 17ஆம் நூற்றாண்டின் முடிவில் மூன்றாம் வில்லியம் மன்னருக்காக ஹாம்ப்டன் கோர்ட் அரண்மனைத் தோட்டத்தில் செடிச்சுவர்களால் ஒன்று அமைத்தார்கள். அமெரிக்காவின் கிளார்க் பல்கலைக்கழகத்தில் வில்லார்ட் ஸ்மால் எலிகளை ஆராய எடுத்துக்கொண்டது இதே வரைபடத்தை. கோணங்களைச் சதுரமாக்கி, கம்பிவலையால் சுவர் எழுப்பி, நடுவில் தீனி வைத்தார். ஆய்வு 1901இல் வெளியானது. எலி வளையின் இயல்போடு பொருந்தவேண்டும் என்பதுதான் மூல யோசனை. வந்து சேர்ந்ததோ ராஜா வீட்டுத் தோட்டம்! இயற்கை என்ற பெயரில் அரண்மனை உள்ளே நுழைந்ததை அன்றைய அறிவியல் சொல்லாடல் கவனித்ததாகத் தெரியவில்லை.

1907இல் ஜான் வாட்சன் ஒரு எலியின் கண்ணை எடுத்தார். இன்னொன்றின் மோப்பத்தை அழித்தார். வேறொன்றின் மீசையைக் கத்தரித்தார். அப்போதும் எலிகள் வழியைக் கற்றுக்கொண்டன. உடம்பின் அசைவே நினைவு என்று முடிவு கட்டினார். அடுத்த வருஷம் அவரும் ஹார்வி காரும் பழகிய பாதையைச் சுருக்கிவிட்டு எலிகளை விட்டார்கள். ஓடிவந்த வேகத்தில் போய்ச் சுவரில் மோதின. எலி இயந்திரம்தான் என்பதற்கு இதைச் சான்றாக வாசிக்கலாம். நான் வாசிப்பது வேறு மாதிரி: தினமும் ஒரே சுவரைக் காட்டி இயந்திரமாக்கியது யார்?

பெட்டியையே ஆராய்ந்தவர் ஒருவரைப் பற்றி இயற்பியலாளர் ரிச்சர்ட் ஃபைன்மன் 1974இல் கலிஃபோர்னியா தொழில்நுட்பக் கழகப் பட்டமளிப்பு விழாவில் பேசினார். யங் என்ற பெயரும் 1937 என்ற வருஷமும் மட்டும் சொன்னார். நீண்ட நடைவழி. ஒரு பக்கம் எலி நுழையும் கதவுகள், மறுபக்கம் தீனிக் கதவுகள். எங்கே நுழைந்தாலும் அங்கிருந்து மூன்றாவது கதவுக்குப் போகப் பழக்கவேண்டும். எலிகளோ முன்பு தீனி இருந்த கதவுக்கே நேராகப் போயின. எப்படிக் கண்டுபிடிக்கின்றன? கதவுகளுக்கு ஒரேபோல வண்ணம் பூசினார். போயின. வாசனையை மாற்றினார். போயின. விளக்கைப் பார்த்துத் தெரிந்துகொள்கிறதோ என்று மேலே மூடினார். கடைசியில் தெரிந்தது: ஓடும்போது தரையில் எழும் சத்தம்! நடைவழியை மணல்மேல் வைத்த பிறகுதான் எலிகள் ஏமாந்தன. பின்னால் வந்தவர்கள் மணலும் போடவில்லை, யங்கை மேற்கோளும் காட்டவில்லை என்பது ஃபைன்மனின் ஆதங்கம். எலியைப் பற்றி யங் எதுவும் கண்டுபிடிக்கவில்லை என்பது காரணமாம். என் கணக்கில் புதிர்வழியியலின் முதல் ஆய்வு இதுதான்.

பெல் ஆய்வுக்கூடத்தில் 1950வாக்கில் கிளாட் ஷானன் செய்த இயந்திர எலியையும் இதோடு சேர்க்கலாம். பெயர் தீசியஸ். ஒருமுறை தட்டித்தடவி வழி தேடும். அடுத்தமுறை பிசகாமல் போகும். பார்த்தவர்கள் எலியின் புத்தியை மெச்சினார்கள். எலிக்குள் இருந்தது ஒரு காந்தம். நினைவெல்லாம் தரைக்கடியில், தொலைபேசி ரிலேக்களில். கற்றுக்கொண்டது புதிர்வழி.

எட்வர்ட் டோல்மனுக்கு எலிகள்மேல் வேறு மாதிரியான மரியாதை. 1932இல் வந்த தன் நூலை வெள்ளெலிக்கே காணிக்கை ஆக்கியவர். எலி வெறுமனே திரும்பிப் பழகுவதில்லை, மனசுக்குள் வரைபடம் வைத்திருக்கிறது என்று 1948இல் எழுதினார். மறுவருஷம் அவர் பணியாற்றிய கலிஃபோர்னியா பல்கலைக்கழகம், கம்யூனிஸ்ட் இல்லை என்று ஆசிரியர்கள் உறுதிமொழியில் கையெழுத்திட வேண்டும் என்றது. டோல்மன் மறுத்தார். 1950இல் 31 பேர் வேலையிழந்தார்கள். வழக்கு போனது, 1952இல் மாநில உச்ச நீதிமன்றம் அவர்களுக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. ஆனால் மனச்சாட்சி சுதந்திரம் பற்றியெல்லாம் தீர்ப்பு பேசவில்லை. உறுதிமொழி விஷயத்தில் மாநிலச் சட்டமே இருக்கும்போது பல்கலைக்கழகம் தனியாக ஒன்று வைக்கமுடியாது என்பதே காரணம். அந்தச் சட்டத்தின் பெயர் லெவரிங் சட்டம். வேலைக்குத் திரும்புகிறவர்கள் அதன்படியான உறுதிமொழியில் கையெழுத்திட வேண்டியிருந்தது.