டிமிட்டர்

டிமிட்டர் பண்டைக் கிரேக்கரின் விளைச்சல் தெய்வம். குரோனஸ், ரியா ஆகியோரின் மகள், ஜீயஸுக்கு உடன்பிறந்தவள், அவர் வழியே பெர்செபோனிக்குத் தாய். கோதுமையும் வாற்கோதுமையும் விளையும் நிலம் இவளுடையது. ஒலிம்பஸின் பெருந்தெய்வங்களில் ஒருத்தியாக எண்ணப்பட்டாலும் ஹோமரின் இரு காவியங்களிலும் இவளுக்குச் சிறிய இடமே உண்டு. மன்னரும் மறவரும் நிறைந்த கதைகளில் உழவரின் தெய்வத்துக்கு வேலை குறைவு. ஒடிசியில் வரும் செய்தியும் வயலில் நடப்பதுதான்: மும்முறை உழுத நிலத்தில் இயாசியோன் என்ற மானிடனோடு அவள் கூடினாள், ஜீயஸ் இடியெறிந்து அவனைக் கொன்றார். அந்த உறவில் பிறந்த மகன் புளூட்டோஸ், செல்வத்தின் தெய்வம் என்கிறார் ஹெசியோட்.

டிமிட்டரின் முழுக்கதையையும் நமக்குத் தருவது, ஹோமர் பெயரால் வழங்கினாலும் அவர் இயற்றியதாகக் கருதப்படாத, 495 அடிகள் கொண்ட ஒரு துதிப்பாடல். கி.மு. ஏழாம் நூற்றாண்டின் இறுதியிலோ ஆறாம் நூற்றாண்டிலோ எழுந்த இப்பாடல் ஒரே ஒரு கையெழுத்துப் படியில் பிழைத்துக் கிடந்தது. அது 1777-இல் மாஸ்கோவில் கண்டெடுக்கப்பட்டு, இப்போது நெதர்லாந்தின் லெய்டன் நகரில் உள்ளது.

பூப்பறித்துக்கொண்டிருந்த பெர்செபோனியைப் பாதாள அரசன் ஹேடிஸ் தேரில் கவர்ந்து செல்கிறான். இதற்கு ஜீயஸின் சம்மதமும் உண்டு. தாய் கையில் பந்தங்களுடன் ஒன்பது நாள் உண்ணாமல் நீராடாமல் தேடுகிறாள். உண்மை தெரிந்ததும் தெய்வங்களின் கூட்டத்தை வெறுத்து, கிழவி வேடத்தில் எலூசிஸ் ஊரின் கிணற்றடியில் வந்து அமர்கிறாள். அவ்வூர் அரசி மெட்டனீரா தன் கைக்குழந்தையை அவளிடம் வளர்க்கக் கொடுக்கிறாள். குழந்தைக்குச் சாவாமை தர எண்ணி டிமிட்டர் இரவுதோறும் அதை நெருப்பில் வைக்கிறாள். ஒருநாள் தாய் பார்த்து அலறிவிட, முயற்சி பாதியில் நின்றுபோகிறது. சினந்த தெய்வம் தன் உருவைக் காட்டி, தனக்கொரு கோயில் கட்டச் சொல்லி, அதற்குள் தனியே அமர்ந்துவிடுகிறாள். அந்த ஆண்டு விதைத்தது எதுவும் முளைக்கவில்லை. மனிதர் பட்டினியால் அழிந்தால் தெய்வங்களுக்குப் படையல் ஏது? ஜீயஸ் பணிந்தார். ஹேடிஸ் தந்த மாதுளை முத்தைத் தின்றுவிட்டதால் மகள் ஆண்டின் மூன்றிலொரு பங்கைப் பாதாளத்திலும் எஞ்சியதைத் தாயுடனும் கழிக்கிறாள். ஆயுதம் ஏந்தாமல், விளைச்சலை நிறுத்தியே ஜீயஸை இறங்கிவரச் செய்த இந்தத் தாய்க்கு நிகரான பாத்திரம் கிரேக்கக் கதைகளில் வேறில்லை.

வழிபாட்டில் பழமையானது தெஸ்மோஃபோரியா. பெண்கள் மட்டுமே கூடும் இவ்விழா ஏதென்ஸில் விதைப்புக்கு முன் மூன்று நாள் நடந்தது. குழிகளில் இட்டு மட்கிய பன்றிக்குட்டிகளின் எச்சத்தை எடுத்துப் பீடத்தில் வைப்பர்; அதில் ஒரு பங்கை விதையோடு கலந்தால் விளைச்சல் பெருகும் என்பது நம்பிக்கை.

ஆனால் டிமிட்டரின் புகழைக் கடல்கடந்து கொண்டுசென்றது, ஏதென்ஸுக்கு வடமேற்கே ஏறத்தாழ 20 கிலோமீட்டரில் உள்ள எலூசிஸின் மறைச்சடங்கு. இலையுதிர்காலத் தொடக்கத்தில் தீட்சை பெறுவோர் கடலில் நீராடி, பன்றிக்குட்டி பலியிட்டு, திருவழி என்ற சாலையில் ஊர்வலமாக நடந்தனர். கிரேக்க மொழி தெரிந்திருக்க வேண்டும், கொலைப்பழி இருக்கக் கூடாது, நிபந்தனைகள் அவ்வளவே. பெண்களும் அடிமைகளும் சேர முடிந்தது என்பது அக்காலத்துக்குப் பெரிய செய்தி. தலைமைப் பூசாரிப் பதவி எவுமோல்பிடே என்ற குலத்துக்கு வழிவழியாக உரியது. பாரசீகர் அழித்த சடங்கு மண்டபத்தை ஏதென்ஸ் பெரிக்ளிஸ் காலத்தில் ஏறத்தாழ 50 மீட்டர் சதுரத்தில், 42 தூண்களுடன் எழுப்பியது. நேச நாடுகள் வாற்கோதுமையில் 600-இல் ஒரு பங்கும் கோதுமையில் 1,200-இல் ஒரு பங்கும் காணிக்கை செலுத்த வேண்டும் என்று ஏதென்ஸ் கல்வெட்டு கூறுகிறது. பக்தியோடு அரசியல் செல்வாக்கும் சேர்ந்தே வளர்ந்திருக்கிறது.

உள்ளே நடந்ததை வெளியே சொன்னால் மரண தண்டனை. கி.மு. 415-இல் தளபதி அல்சிபியாடிஸ் வீட்டில் சடங்கை நடித்துக் கேலி செய்ததாகக் குற்றம் சாட்டப்பட்டு, அவர் இல்லாமலேயே தண்டிக்கப்பட்டார். நாடு திரும்பிய பின், ஸ்பார்ட்டப் படைக்கு அஞ்சிக் கடல்வழியே சென்றுகொண்டிருந்த ஊர்வலத்தைக் கி.மு. 407-இல் அவரே படைக் காவலுடன் தரைவழியே நடத்திக்காட்டினார். அறுத்த கதிர் ஒன்றை மௌனத்தில் காட்டுவதே சடங்கின் உச்சம் என்கிறார் கிறித்தவ எழுத்தாளர் ஹிப்பொலிட்டஸ். ஆனால் அவர் இந்த வழிபாட்டை எதிர்த்தவர். தீட்சை பெற்றோர் எவரும் எழுதிவைக்கவில்லை. சடங்கில் பருகிய வாற்கோதுமைப் பானத்தில் மயக்கம் தரும் பூஞ்சை இருந்திருக்கும் என்று வாசன், ஹாஃப்மன், ரக் ஆகிய ஆய்வாளர்கள் மூவரும் 1978-இல் வாதிட்டனர். எலூசிஸ் அகழாய்வில் அதற்குச் சான்று கிடைக்காத நிலையில் அதை ஏற்பதற்கில்லை. பசித்து, நடந்து, இருளில் காத்திருந்து, திடீரென ஒளியைக் கண்ட கூட்டத்துக்கு மருந்து தேவைப்பட்டிருக்காது.

ரோமர் இவளைத் தங்கள் சிரிஸ் தெய்வத்தோடு ஒன்றாக்கினர். சிரிஸுக்கு ரோமின் அவென்டைன் குன்றில் கி.மு. 493-இல் கோயில் எழுந்தது. சிசரோ, அகஸ்டஸ், ஹேட்ரியன், மார்கஸ் அவுரேலியஸ் ஆகியோர் எலூசிஸில் தீட்சை பெற்றனர். கி.மு. 20-ஐ ஒட்டி அகஸ்டஸைக் காண வந்த இந்தியத் தூதுக்குழுவில் இருந்த துறவி ஒருவரும் தீட்சை பெற்று, பின் ஏதென்ஸில் தீக்குளித்தார் என்கிறார் டியோ காசியஸ். தூதனுப்பிய அரசன் பாண்டியன் என்றும், வேறு சிலர் கூற்றுப்படி போரஸ் என்றும் ஸ்ட்ராபோ குறிக்கிறார். அத்துறவியின் கல்லறை வாசகம் அவரைப் பார்கோசா ஊரினர் என்கிறது. அது குஜராத்தின் பரூச்சாக இருக்கலாம் என்பதால் பாண்டிய உறவைத் துணிந்து சொல்ல முடியாது.

பேரரசர் தியோடோசியஸ் 392-இல் பழைய வழிபாடுகளைத் தடைசெய்தார். சில ஆண்டுகளில் அலாரிக்கின் கோத்தியப் படை கிரேக்கத்தில் புகுந்தது, எலூசிஸ் பாழடைந்தது. ஆயிரம் ஆண்டுக்கும் மேல் நீடித்த சடங்கு நின்றாலும் ஊரார் தெய்வத்தை விடவில்லை. கோயில் வாயிலில் நின்ற பெண் சிலை ஒன்றை, அது டிமிட்டர் அல்லாவிட்டாலும், விளைச்சலைக் காப்பவளாகவே அவர்கள் கருதினர். அதைச் சுற்றி எருவைக் குவித்தனர். 1801-இல் ஆங்கிலேயர் எட்வர்ட் டேனியல் கிளார்க், ஒட்டோமான் அதிகாரியின் அனுமதியுடன், ஊரார் எதிர்ப்பை மீறி அதைப் பெயர்த்துச் சென்றார். சிலையை ஏற்றிய கப்பல் இங்கிலாந்துக் கரையருகே உடைந்தது, சிலை மீட்கப்பட்டது. ஓர் ஊரின் உயிருள்ள வழிபாட்டைக் கலைப்பொருளென்று கொண்டுபோனது அநீதி என்பதில் ஐயமில்லை. அது இன்று கேம்பிரிட்ஜின் ஃபிட்ஸ்வில்லியம் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. 1882-இல் கிரேக்கத் தொல்லியல் கழகம் தொடங்கிய முறையான அகழாய்வில் வெளிவந்த இடிபாடுகளும், கேம்பிரிட்ஜ் சிலையின் இணைச் சிலையும் எலூசிஸிலேயே உள்ளன.