கோல்களும் மூட்டுகளும்: ஹில்டா கைரிங்கரின் கணித வாழ்வு

உயர்தரத்திற் பிரயோக கணிதம் படித்த எங்களிற் பலருக்குச் சட்டப்படற் கணக்குகள் நினைவிருக்கும். இலேசான கோல்கள் ஒப்பமாக மூட்டப்பட்டிருக்கும். ஒரு மூட்டிலே சுமை தொங்கும். போவின் குறிப்பீட்டைக் கொண்டு தகைப்பு வரிப்படம் கீற வேண்டும். விடை வந்ததும் கொப்பியை மூடிவிடுவோம். அந்தச் சட்டப்படல் குலையாமல் நிற்பதற்குக் கோல்களை எப்படி அமைக்க வேண்டும் என்பதை யார் கண்டுபிடித்தார் என்று நாங்கள் கேட்டதில்லை, பாடநூலும் சொன்னதில்லை. கண்டுபிடித்தவர் ஒரு பெண் என்பதை நான் அறிந்தது வகுப்பறையை விட்டு நெடுங்காலமான பின்னர்தான். ஒரு பெண்கள் பாடசாலையின் நூற்றாண்டு மலரில் அவரைப் பற்றி எழுதக் கிடைத்தது எனக்கு மகிழ்ச்சி.

கேள்வி எளிமையானது. நான்கு சட்டங்களை மட்டும் மூட்டி ஒரு படலை செய்தால், அது சில நாளிற் சரிந்து இணைகரமாகிவிடும். மூலைக்கு மூலை ஒரு குறுக்குச் சட்டம் அடித்தால் நிற்கும். நான்கு மூட்டுக்கு ஐந்து கோல்கள். பொதுவாகச் சொன்னால், மூட்டுகளின் எண்ணிக்கையை இரண்டாற் பெருக்கி மூன்றைக் கழிக்க வேண்டும். இந்த எண்ணிக்கை பத்தொன்பதாம் நூற்றாண்டில் மக்ஸ்வெல் காலத்திலேயே தெரிந்திருந்தது. ஆனால் எண்ணிக்கை மட்டும் போதாது. இரண்டு சதுரங்களைப் பக்கம் பக்கமாக ஒட்டினால் ஆறு மூட்டுகள், ஏழு கோல்கள். ஒன்பது வேண்டும், ஆகவே இரண்டு குறுக்குக் கோல்கள் சேர்க்க வேண்டும். சதுரத்துக்கு ஒன்றாகச் சேர்த்தால் முழுவதும் விறைப்பாக நிற்கும். இரண்டையும் ஒரே சதுரத்துக்குள் போட்டால் மற்றது சரிந்துவிடும். அப்படியானால் விதி என்ன? உள்ளே எந்தச் சில மூட்டுகளைத் தனியே எடுத்துப் பார்த்தாலும், அவற்றிடையே அதே கணக்குக்கு மேலாகக் கோல்கள் இருக்கக் கூடாது. மூட்டுகள் விசேடமான நிலைகளில் அமையாதவரை இந்த நிபந்தனையே போதும். இதனைத் தளச் சட்டப்படல்களுக்கு 1927இல் நிறுவியவர் ஹில்டா கைரிங்கர்.

அவர் 1893இல் வியன்னாவில், துணி உற்பத்தி செய்த ஒரு யூதக் குடும்பத்திற் பிறந்தார். கணிதத்தில் அவருக்கிருந்த திறமையைக் கண்ட பெற்றோர் பல்கலைக்கழகம் வரை செலவு செய்து படிப்பித்தனர். 1917இல், முதலாம் உலகப்போர் நடந்துகொண்டிருந்தபோது, வியன்னாவிலே கலாநிதிப் பட்டம் பெற்றார். அப்போது அவர் செய்தது தூய கணிதம். 1921இல் பேர்லினுக்குச் சென்று றிச்சார்ட் வொன் மீசெஸின் பிரயோக கணித நிறுவகத்தில் உதவியாளராகச் சேர்ந்த பின்னரே அவருடைய திசை மாறியது. கணிதவியலாளரான பெலிக்ஸ் பொலாசெக்கை மணந்தார். 1922இல் மகள் மக்டா பிறந்தாள். மணவாழ்வு சில ஆண்டுகளில் முறிந்தது. பிள்ளையை வளர்த்துக்கொண்டே ஆராய்ச்சியையும் அவர் தொடர்ந்தார்.

ஜேர்மன் பல்கலைக்கழகமொன்றில் சுயமாக விரிவுரை நடத்துவதற்குக் அக்காலத்திற் கலாநிதிப் பட்டத்துக்கு மேலாக இன்னுமொரு தகுதி வேண்டியிருந்தது. சர்ச்சைகளுக்குப் பின் 1927இல் அது அவருக்குக் கிடைத்தது. பிரயோக கணிதத்துக்கு அங்கே அத்தகுதியைப் பெற்ற முதற் பெண் அவரே. 1930இல், உலோகம் மீண்டும் பழைய வடிவத்துக்குத் திரும்ப முடியாத அளவுக்கு நசுக்கப்படும்போது அது எவ்வாறு நகரும் என்பதற்கான சமன்பாடுகளைத் தந்தார். பொறியியலாளர் இன்றும் அவற்றைக் கைரிங்கர் சமன்பாடுகள் என்றே அழைக்கின்றனர்.

1933இல் அவரைப் பேராசிரியர் பதவிக்கு உயர்த்தும் முன்மொழிவு ஒன்று இருந்தது. அந்த ஏப்பிரலில் நாசி அரசு யூதர்களை அரச சேவையிலிருந்து நீக்கும் சட்டத்தைக் கொண்டுவந்தது. பதவி உயர்வும் போயிற்று, இருந்த வேலையும் போயிற்று. மகளுடன் பிரசெல்சுக்குப் போனார். 1934இல் இஸ்தான்புல்லில் இடம் கிடைத்தது. அத்தாதுர்க்கின் அரசு தன் பல்கலைக்கழகத்தைப் புதிதாகக் கட்டியெழுப்ப, ஜேர்மனி விரட்டிய அறிஞர்களை அழைத்துக்கொண்டிருந்த நேரம் அது. வொன் மீசெசும் அங்கே இருந்தார். கைரிங்கர் துருக்கி மொழியைக் கற்று அதிலேயே விரிவுரை செய்தார். மெண்டலின் மரபுரிமை விதிகளில் நிகழ்தகவைப் பிரயோகிக்கத் தொடங்கியதும் அங்கேதான். நாற்பது வயதிற் புதிய நாடு, புதிய மொழி, அதற்கு மேலே புதிய ஆய்வுத்துறை!

அத்தாதுர்க் 1938இல் இறந்ததும் அந்த நிழலும் நிலையற்றதாயிற்று. 1939இல் வொன் மீசெஸ் ஹாவார்டுக்குப் போனார். போர் தொடங்கிய வேளையில் கைரிங்கரும் மக்டாவும் லிஸ்பன் வழியாக அமெரிக்கா சேர்ந்தனர். பிரின் மோர் பெண்கள் கல்லூரியில் அவருக்கு ஒரு விரிவுரையாளர் வேலை. அதே கல்லூரிக்குத்தான் 1933இல் எமி நோதரும் தஞ்சம் தேடி வந்தார். இஸ்தான்புல்லிற் பேராசிரியராக இருந்தவர் இங்கே மீண்டும் கீழ்ப்படியிலிருந்து தொடங்கினார். பிள்ளையையும் சான்றிதழ்களையும் கொண்டு புறப்பட்டு, படித்த படிப்புக்கு ஒவ்வாத வேலையில் இன்னொரு நாட்டிலே தொடங்கிய எங்கள் பழைய மாணவியருக்கு இதை விளக்கத் தேவையில்லை.

1943இல் வொன் மீசெஸை மணந்தார். அடுத்த ஆண்டு மசாசுசெட்சிலுள்ள வீட்டன் பெண்கள் கல்லூரியிற் பேராசிரியரும் கணிதத்துறைத் தலைவரும் ஆனார். பதவியின் பெயர் பெரிது. துறையோ மிகச் சிறியது. ஆராய்ச்சி பற்றி உரையாட அங்கே ஆளில்லை. வார இறுதிகளிற் கணவரிடம் கேம்பிறிட்ஜுக்குப் போய் வருவார். ஆராய்ச்சிக்கு இடமுள்ள பல்கலைக்கழகங்களுக்கு விண்ணப்பித்துக்கொண்டே இருந்தார். எங்களிடம் ஏற்கெனவே பெண்கள் இருக்கிறார்கள், ஆண்கள் கிடைக்கும்போது இன்னும் பெண்களைச் சேர்க்க விரும்பவில்லை என்ற கருத்தில் ஒரு பதில் வந்தது. இந்த வெளிப்படையான கடிதத்தைவிட, காரணம் சொல்லாமல் வந்த மறுப்புகளே அவரை அதிகம் நோகடித்திருக்கும் என்று எனக்குத் தோன்றுகிறது. ஆனாலும் அவர் ஆராய்ச்சியை விடவில்லை. மரபுரிமையும் நிகழ்தகவும் பற்றிய அவருடைய முக்கிய கட்டுரை 1944இல், வீட்டனுக்கு வந்த அதே ஆண்டில் வெளிவந்தது. மாணவப் பருவத்திலிருந்து தான் ஒருபோதும் நிறுத்தாத வேலை அது, தன் வாழ்வின் ஆழ்ந்த தேவை என்று 1953இல் ஒரு கடிதத்தில் எழுதினார்.

அந்த ஆண்டே கணவர் காலமானார். அவர் முடிக்காமல் விட்ட நூல்களைக் கைரிங்கர் பொறுப்பேற்றார். அமுங்கும் பாயிகளின் பாய்ச்சல் பற்றிய நூல் 1958இலும், நிகழ்தகவு பற்றிய நூல் 1964இலும் வெளிவந்தன. இந்த உழைப்பைச் சிலர் பதிப்பாசிரியர் வேலை என்று சுருக்கிவிடுகிறார்கள். அரைகுறையான கணித நூலொன்றை முடிப்பது எத்தகைய வேலை என்பது முடித்தவர்களுக்கே தெரியும். 1956இல் மேற்கு பேர்லினின் சுதந்திரப் பல்கலைக்கழகம் அவரை முழுச் சம்பளத்துடன் ஓய்வுநிலைப் பேராசிரியராக்கியது. 1959இல் வீட்டனிலிருந்து ஓய்வு பெற்றார்.

1927இன் சட்டப்படற் கட்டுரை, அப்போதைய மணப்பெயரும் சேர்ந்து ‘பொலாசெக்-கைரிங்கர்’ என்ற பெயரில் ஜேர்மன் மொழியில் வெளிவந்திருந்தது. பின்வந்தோர் அதனை மறந்தனர். 1970இல் ஒல்லாந்தரான லாமன், அதனை அறியாமலே அதே முடிவைத் தாமாக நிறுவினார். பல பத்தாண்டுகள் அது லாமனின் தேற்றம் என்றே கற்பிக்கப்பட்டது. பழைய கட்டுரை மீண்டும் கண்டெடுக்கப்பட்டதன் பின்னரே கைரிங்கர்–லாமன் தேற்றம் என்ற பெயர் ஆய்வுக்கட்டுரைகளில் வரத் தொடங்கியது. லாமனின் கட்டுரை அச்சானபோது கைரிங்கர் அமெரிக்காவில் உயிரோடிருந்தார். அவர் இறந்தது 1973 மார்ச்சில், கலிபோர்னியாவிலிருந்த சகோதரரைப் பார்க்கப் போயிருந்த வேளையில்.