ஆட்சிமொழித் தமிழும் வடசென்னையும்

அரசாணை, கோப்பு, அலுவலகக் கடிதம் ஆகியவற்றில் சட்டப்படி வழங்கும் தமிழை ஆட்சிமொழித் தமிழ் என்கிறோம். தமிழ்நாட்டில் இந்தத் தகுதி 1956 ஆம் ஆண்டுச் சட்டத்தால் கிடைத்தது. சட்டத்துக்கு முன் ஏறத்தாழ இருபது ஆண்டுகள் தெருவில் நடந்த சண்டை உண்டு. அதன் முதல் பெரிய களம் வடசென்னை. மொழிப் போர் என்றதும் 1965 மாணவர் எழுச்சியே பலருக்கும் நினைவில் எழுவதால், சௌகார்பேட்டை முதல் மூலக்கொத்தளம் வரையிலான இந்தப் பழைய நகரின் பங்கு பேச்சில் பின்தங்கிவிட்டது.

1938 போராட்டம்

1937 ஜூலையில் சென்னை மாகாணத்தின் பிரதமராகப் பொறுப்பேற்ற சி. ராஜகோபாலாச்சாரி (ராஜாஜி), அடுத்த மாதமே பள்ளிகளில் இந்தி வரும் என்று அறிவித்தார். 1938 ஏப்ரல் 21 அன்று வெளியான அரசாணை 125 உயர்நிலைப் பள்ளிகளின் முதல் மூன்று படிவங்களில் இந்தியைக் கட்டாயமாக்கியது. இதில் ஒரு விந்தை உண்டு. அறிவியலைத் தமிழில் சொல்ல முடியும் என்று 1910களிலேயே கலைச்சொல் உருவாக்க முனைந்தவர்களில் ராஜாஜியும் ஒருவர். பின்னாளில், 1950களின் இறுதியில், இந்தி ஆட்சிமொழியாவதை நாட்டிலேயே உரக்க எதிர்த்தவர்களில் ஒருவரும் அவரே. இடையில் வந்த இந்த ஆணைதான் அவர் பெயரோடு ஒட்டிக்கொண்டது.

ஜூன் மாதம் மறியல் தொடங்கியது. பிரதமரின் வீடு ஒரு களம். தங்கசாலைத் தெருவின் இந்து தியாலஜிக்கல் உயர்நிலைப் பள்ளி இன்னொன்று. வேலை ஒழுங்காகப் பிரிக்கப்பட்டிருந்தது. போராட்டத்துக்குத் தலைமை ஏற்பவரைச் 'சர்வாதிகாரி' என்று அழைத்தார்கள். அவர் கைதானால் அடுத்தவர் அந்தப் பொறுப்புக்கு வருவார். தொண்டர்கள் அணி அணியாகப் பள்ளி வாசலுக்கு வந்து முழக்கமிடுவார்கள், போலீஸ் வண்டியில் ஏறுவார்கள், மறுநாள் வேறோர் அணி வரும். சுதந்திரப் போராட்டத்தில் காங்கிரஸ்காரர்கள் மேல் பாய்ந்த அதே குற்றவியல் திருத்தச் சட்டம் இப்போது காங்கிரஸ் ஆட்சியின் கையிலிருந்து இவர்கள் மேல் பாய்ந்தது. ஆகஸ்ட் 1 அன்று திருச்சியிலிருந்து புறப்பட்ட தமிழர் படை செப்டம்பர் 11 அன்று சென்னை வந்து சேர்ந்தது. மூவலூர் இராமாமிர்தம் அம்மையாரும் அதில் நடந்து வந்தார்.

நவம்பர் 13 அன்று வால்டாக்ஸ் சாலை ஒற்றைவாடை நாடகக் கொட்டகையில் பெண்கள் மாநாடு கூடியது. மறைமலையடிகளின் மகள் நீலாம்பிகை அம்மையார் தலைமை தாங்கினார். ஈ.வெ.ராமசாமியை இனிப் 'பெரியார்' என்றே அழைக்க வேண்டும் என்று தீர்மானித்தது இந்த மாநாடுதான். மறுநாள் டாக்டர் எஸ். தருமாம்பாள், இராமாமிர்தம் அம்மையார் உள்ளிட்ட பெண்கள் பள்ளி வாசலில் மறியல் செய்து சிறை சென்றார்கள். போராட்டம் முடிவதற்குள் கைதானவர்கள் 1,198 பேர். தண்டனை பெற்றவர்கள் 1,179 பேர். அவர்களில் 73 பேர் பெண்கள். தாய்மாரோடு 32 குழந்தைகளும் சிறைக்குள் போயின.

சிறைவாசத்தின்போது உயிர் போன முதல் இருவரும் தலைவர்கள் அல்லர். ஒருவர் சென்னையைச் சேர்ந்த, ஒடுக்கப்பட்ட வகுப்பில் பிறந்த இளைஞர் நடராசன். 1939 ஜனவரி 15 அன்று இறந்தார். மற்றவர் கும்பகோணத்துத் தாளமுத்து; அதே ஆண்டு மார்ச்சில் இறந்தார். நோயால் வந்த சாவு என்றது அரசு. மொழிக்காக வந்த சாவு என்றது ஊர். இருவரையும் பழைய வண்ணாரப்பேட்டையை ஒட்டிய மூலக்கொத்தளம் இடுகாட்டில் அடக்கம் செய்தார்கள். 1959 இல் மறைந்த தருமாம்பாளின் கல்லறையும் அங்கேதான் இருக்கிறது. எழும்பூரில் சென்னைப் பெருநகர் வளர்ச்சிக் குழுமம் இயங்கும் கட்டடத்தைத் தாளமுத்து நடராசன் மாளிகை என்கிறோம். அங்கே வரைபட அனுமதிக்கு அலைபவர்களில் எத்தனை பேருக்கு இது இரண்டு பேரின் பெயர் என்று தெரியும் என்பது ஐயமே. காங்கிரஸ் அமைச்சரவை 1939 அக்டோபரில் விலகியது. ஆளுநர் எர்ஸ்கின் 1940 பிப்ரவரி 21 அன்று கட்டாய இந்தியை நீக்கினார்.

1949 செப்டம்பர்

அரசியல் நிர்ணய சபை 1949 செப்டம்பர் 14 அன்று இந்தியை ஒன்றியத்தின் ஆட்சிமொழியாக ஏற்றது. ஆங்கிலத்துக்குப் பதினைந்து ஆண்டுத் தவணை கொடுத்தது. அதே வாரத்தில் ஜார்ஜ் டவுனில் கூடித் தி.மு.க.வைத் தொடங்கியவர்கள், தொடக்கப் பொதுக்கூட்டத்தை ராயபுரம் ராபின்சன் பூங்காவில் மழைக்கு நடுவே நடத்தினார்கள். இரண்டு நிகழ்வுகளுக்கும் நேரடித் தொடர்பு இல்லை. ஆனால் முதல் நிகழ்வு வைத்த தவணை 1965 இல் தீர்ந்தபோது ஏற்பட்ட கொந்தளிப்பு, இரண்டாவது நிகழ்வில் பிறந்த கட்சியை 1967 இல் ஆட்சியில் அமர்த்தியது. 1968 ஜனவரி 23 அன்று சட்டமன்றம் இருமொழிக் கொள்கைத் தீர்மானத்தை நிறைவேற்றியது.

இந்தி ஒன்றியத்தின் ஆட்சிமொழி ஆனாலும், இந்தியாவுக்குத் 'தேசிய மொழி' என்று ஒன்று சட்டத்தில் கிடையாது. எட்டாவது அட்டவணையின் 22 மொழிகளில் எதற்கும் அந்தப் பட்டம் இல்லை.

மணிலாவில் நடந்தது

சென்னையில் கட்டாய இந்தி வந்த காலத்தை ஒட்டிப் பிலிப்பைன்சில் வேறு கதை நடந்தது; அங்கே தேசிய மொழி ஒன்றையே உருவாக்க முனைந்தார்கள். 1935 அரசியலமைப்பு, உள்நாட்டு மொழிகளில் ஒன்றின் அடிப்படையில் பொதுத் தேசிய மொழியை வளர்க்கச் சொன்னது. 1936 இல் தேசிய மொழி நிறுவனம் அமைந்தது. 1937 டிசம்பர் 30 அன்று, ராஜாஜியின் அரசாணைக்கு ஏறத்தாழ நான்கு மாதங்களுக்கு முன், குடியரசுத் தலைவர் மனுவேல் கேசோன் தகலோகு மொழியை அடிப்படையாக அறிவித்தார். அவருக்குத் தாய்மொழியும் தகலோகுதான். 1940 முதல் அது பள்ளிப் பாடமானது. செபுவானோ மொழி பேசுவோர் மணிலாவின் மொழிக்கு ஏன் இந்த மகுடம் என்று கேட்டார்கள். 1959 இல் பெயர் 'பிலிப்பினோ' என்று மாறியது. 1987 அரசியலமைப்பு அந்தப் பெயரின் எழுத்தையும் சற்று மாற்றி, நாட்டின் பிற மொழிகளிலிருந்தும் வளம் பெற்று வளர வேண்டிய மொழி என்று வரையறுத்தது. மேலிருந்து வந்த ஆணைக்கு அங்கே அரை நூற்றாண்டு ஒட்டுப் போட்டார்கள். இங்கே இரண்டே ஆண்டில் திரும்பப் பெற்றார்கள். எதிர்ப்பின் அளவு மட்டும் இதற்குக் காரணம் ஆகாது. மாகாணத்துக்கு வெளியிலிருந்து ஒரு மொழி வருகிறது என்ற எண்ணம் இங்கே பரவியதைப்போல மணிலாவில் பரவ இடமே இல்லை.

அலுவலகத் தமிழ்

காமராசர் ஆட்சியில் சி. சுப்பிரமணியம் முன்மொழிந்த ஆட்சிமொழிச் சட்டம் 1956 டிசம்பர் 27 அன்று நிறைவேறியது. சட்டம் வந்தாலும் எழுதச் சொல் வேண்டுமே. ஆட்சிச் சொல் அகராதி 1957 இல் வெளிவந்தது; தமிழ் வளர்ச்சிக்கென்று தனி இயக்ககம் 1971 இல் அமைந்தது. இன்று திருவொற்றியூர் மண்டல அலுவலகத்துக்கு மனு எழுதுபவர் அனுப்புநர், பெறுநர், பொருள் என்று வரிசையாக எழுதுகிறார். வரும் பதிலில் 'ந.க. எண்', 'பார்வை' என்று அதற்கே உரிய சடங்கு. இந்த நடை வறண்டது என்று குறை சொல்வது எளிது. ஆனால் ஆங்கிலக் கோப்பு முறையைத் தமிழுக்குள் இறக்கியவர்கள் பெயர் தெரியாத எழுத்தர்கள். அவர்கள் வேலைக்கு உரிய மதிப்பு இன்னும் தரப்படவில்லை என்பதே என் கருத்து.

சென்னைத் துறைமுகம், சுங்கத்துறை, எண்ணூர் காமராஜர் துறைமுகம் போன்ற ஒன்றிய அரசு நிறுவனங்களை மாநிலச் சட்டம் கட்டுப்படுத்தாது. ஒன்றிய அலுவலகங்களில் இந்திப் பயன்பாட்டை வகுக்கும் 1976 ஆம் ஆண்டு ஆட்சிமொழி விதிகளோ, தமிழ்நாடு நீங்கலாக இந்தியா முழுவதற்கும் பொருந்தும் என்று தொடக்கத்திலேயே சொல்லிவிடுகின்றன. எண்ணூர், மணலித் தொழிற்சாலைகளுக்கு வடக்கிலிருந்து ஆட்கள் வேலைக்கு வருவதால், டீக்கடைக்காரர்களுக்கு நாலு வார்த்தை இந்தி தானாகவே வந்துவிடுகிறது. அதை எதிர்த்து யாரும் மறியல் செய்யவில்லை; 1938 இலும் எதிர்ப்பு கட்டாயத்துக்குத்தான்.

நீதிமன்றத்தில் மட்டும் பாதி வழிதான் வந்திருக்கிறது. கீழமை நீதிமன்றங்களில் தமிழ் வழங்குகிறது. உயர் நீதிமன்றத்திலும் தமிழ் வேண்டும் என்று 2006 டிசம்பரில் சட்டமன்றம் தீர்மானம் போட்டது. அரசியலமைப்பின் 348 ஆம் பிரிவின்படி இதற்குக் குடியரசுத் தலைவரின் இசைவு வேண்டும். ராஜஸ்தான், உத்தரப் பிரதேசம், மத்தியப் பிரதேசம், பீகார் உயர் நீதிமன்றங்களில் இந்திக்கு அந்த இசைவு கிடைத்திருக்கிறது. சென்னை உயர் நீதிமன்றத்தில் தமிழுக்கு இன்னும் கிடைக்கவில்லை.